டப்பாவின் மேல் ஒரு வரி

சென்ற மாதம் மாட்டுங்காவில் நம் அன்பர் ஒருவரது இல்லத்துக்குச் சென்றிருந்தோம். பரண் மேலிருந்து படச்சுருள் டப்பாக்கள் மூன்றை இறக்கிக் காட்டினார். ஒன்றன் மீது 'கல்யாணம்' என்று மட்டும் பென்சிலால் எழுதியிருந்தது. மூடியைத் திறந்ததும் காடி வாடை வீசிற்று. யாருடைய கல்யாணம்? எந்த ஆண்டு? வீட்டில் எவருக்கும் தெரியவில்லை. அறிந்திருந்த பாட்டியார் காலமாகி இரண்டாண்டுகள் ஆகின்றனவாம்.

பழைய காட்சி திரையில் இரண்டு நிமிஷமே ஓடும். அதைத் தேடித் தருவோரின் உழைப்பை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. கோட்டையூர் ஏ. கே. செட்டியார் அவர்களுக்குக் காந்தியடிகளைப் பற்றி ஒரு படம் எடுக்கும் எண்ணம் 1937ஆம் ஆண்டு கப்பற் பிரயாணத்தின்போது உதித்தது. பல நாடுகளில் அலைந்து, யார் யாரோ எடுத்து வைத்திருந்த காட்சிகளைத் திரட்டினார். சேர்ந்த படச்சுருள் சுமார் 50,000 அடி. படம் 1940இல் வெளியாயிற்று. அத்தகைய படத்தின் பிரதியையே பிற்காலத்தில் ஆய்வாளர்கள் தேட வேண்டியதாயிற்று. 1953இல் வெளியான ஆங்கில வடிவம் அமெரிக்கப் பல்கலைக்கழகமொன்றில் அகப்பட்டது. திரட்டுவது ஒரு தவம். காப்பது மற்றொரு தவம்.

காப்பகத்தாரின் வேலை யாது? வந்த சுருளைச் சுத்தம் செய்து, கிழிசலை ஒட்டி, குளிரும் வறட்சியுமான அறையில் வைக்கிறார்கள். எந்த நாள், எவ்விடம், யார் யார் என்று பட்டியலில் பதிகிறார்கள். கேட்டு வருவோருக்கு மூலச் சுருளைத் தராமல் பிரதியே எடுத்து வழங்குகிறார்கள். பட்டியலில் ஏறாத சுருள் இருந்தும் இல்லாததே! இப்பணிக்கென்று புனேயில் 1964இல் தேசியத் திரைப்படக் காப்பகம் நிறுவப்பட்டது. மும்பையிலும் 2014இல் திரைப்படப் பாரம்பரிய அறக்கட்டளை தோன்றியது.

நம் இல்லங்களில் உள்ள சுருள்களுக்கு மும்பையின் வெப்பமும் மழைக்கால ஈரமும் பகை. அசிடேட் சுருள் சிதையும்போதுதான் காடி வாடை எழும்; அது அருகிலுள்ள சுருள்களையும் கெடுக்கும். ஆதலின் அதனைத் தனியே பிரித்து வையுங்கள். பரணினின்று இறக்கி, காற்றோட்டமுள்ள உலர்ந்த இடத்தில் வையுங்கள். ஆசை மிகுதியால் பழைய புரொஜெக்டரில் ஓட்டிவிடாதீர்கள். சுருங்கிய சுருள் அறுந்துபோகும். தக்கவரிடம் காட்டிய பின்னரே பிரதி எடுப்பது நலம்.

இவற்றினும் முந்திய காரியம் ஒன்றுண்டு. அதற்குக் காசு வேண்டியதில்லை. வீட்டிலுள்ள பெரியவர்களை இவ்வாரமே அருகில் அமர்த்திக்கொண்டு, அந்தச் சுருளிலும் பழைய புகைப்படங்களிலும் இருப்பவர் யார், இடம் எது, ஆண்டு எது என்று கேட்டு எழுதி, டப்பாவின் மேல் ஒட்டிவிடுங்கள். ஊரை விட்டு வந்து இந்நகரில் குடியேறிய நம் முன்னோரின் முகங்கள் அவற்றில் இருக்கின்றன. சுருளைப் பிறகும் செப்பனிடலாம். பெயர் சொல்லக்கூடியவர் போய்விட்டால் மீட்க வழியில்லை.

அன்பரின் இல்லத்தில் மற்ற இரு டப்பாக்களின் மீதும் எழுத்தே இல்லை. தம் அத்தைக்கு இன்னும் நினைவு தப்பவில்லை என்றார். அன்று மாலையே செம்பூருக்குப் புறப்பட்டார்.