மத்தேயு வசனத்தைத் திரித்தாரா?

கிறிஸ்தவர்களோடு வாதிடும் நம்மவர்கள் ஓசியா 11:1ஐத் தவறாமல் எடுப்பார்கள். எகிப்திலிருந்து இறைவன் அழைத்த மகன் என்று அங்கு சொல்லப்படுவது பனூ இஸ்ராயீல் சமூகம். மத்தேயு நற்செய்தியோ அதை ஈஸா (அலை) அவர்களுக்குப் பொருத்துகிறது, ஆகவே மோசடி! ஆசிரியர் கலாசாலையில் நானும் அப்படித்தான் வாதிட்டேன்.

பிறகுதான் கும்ரான் சுருள்களைப் பற்றி வாசித்தேன். 1947இல் சாக்கடல் அருகே கிடைத்த முதல் சுருள்களில் ஹபக்கூக் நூலுக்கான யூத விளக்கவுரையும் ஒன்று. கல்தேயரைக் குறித்த பழைய வசனங்களை அது தன் காலத்து ஆக்கிரமிப்பாளர் மீது பொருத்துகிறது. அவர்கள் உரோமர் என்பதே பெரும்பாலான அறிஞர்களின் கருத்து. 'பெஷர்' எனப்படும் இம்முறையில், நபிமாரின் சொல் வாசிப்பவரின் காலத்தையே பேசுகிறது. மத்தேயுவின் வாசிப்பும் இதற்கு நெருக்கமானதே. குழந்தைகளைக் கொல்லும் அரசன், எகிப்து, திரும்பி வருதல் என்றதும் யூத வாசகருக்கு மூஸா (அலை) நினைவுக்கு வந்திருப்பார்.

அவருடைய முடிவு எனக்கு உடன்பாடல்ல. ஆனால் மோசடி என்ற சொல்லை வகுப்பில் இப்போது நான் பாவிப்பதில்லை.