பழைய டிவி கேம்கள் உங்கள் கம்ப்யூட்டரில்

வீட்டுக்குப் புதிதாகக் கம்ப்யூட்டர் வந்தவுடன் பிள்ளைகள் கேட்கும் முதல் கேள்வி, "இதில் கேம் இருக்கிறதா?" என்பதுதான். ஆனால் எங்கள் குத்தம்பாக்கத்தில் இந்தக் கேள்வியை என்னிடம் அதிகம் கேட்பவர்கள் பிள்ளைகளின் அப்பாக்களும் சித்தப்பாக்களும். "அந்தக் காலத்துல டிவியில கேசட் போட்டு ஆடுவோமே, மரியோ, கான்ட்ரா... அது இதுல வருமா?" என்கிறார்கள். வரும். அதற்குப் பெரிய கம்ப்யூட்டரும் தேவையில்லை. 2011 செப்டம்பரில் எங்கள் திருவள்ளூர் மாவட்டம் காக்களூரில் தொடங்கப்பட்ட இலவச லேப்டாப் திட்டத்தில் வந்த பழைய லேப்டாப் ஒன்று வீட்டில் இன்னும் ஓடிக் கொண்டிருந்தால், அதுவே போதும். தேவைப்படுவது எமுலேட்டர் என்ற ஒரு புரோகிராம்.

முதலில் நாம் டிவியில் ஆடியது என்ன என்று பார்த்துவிடுவோம். ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 1983 ஜூலையில் ஃபேமிகாம் என்ற வீடியோ கேம் மெஷினை வெளியிட்டது. இதுவே அமெரிக்காவில் என்.இ.எஸ். என்ற பெயரில் விற்பனைக்கு வந்தது. 1990களில் நம் ஊர்க் கடைகளில் மைக்ரோ ஜீனியஸ், லிட்டில் மாஸ்டர் என்ற பெயர்களில் கிடைத்தவை இந்த ஃபேமிகாமின் நகல்கள். கேசட்டின் மேல் 9999 இன் 1 என்று அச்சிட்டிருப்பார்கள். உள்ளே போய்ப் பார்த்தால் பத்து, பதினைந்து கேம்களே வேறு வேறு பெயரில் திரும்பத் திரும்ப வரும்.

இந்த மெஷினின் பிராசசர் நொடிக்கு ஏறத்தாழ 18 லட்சம் துடிப்புகள், அதாவது 1.79 மெகாஹெர்ட்ஸ் வேகத்தில் இயங்கியது. அதன் முதன்மை மெமரி 2 கிலோபைட். உங்கள் கம்ப்யூட்டரில் 4 ஜிபி ராம் இருந்தால், அது இதைப் போல் இருபது லட்சம் மடங்கு. அப்படியானால் கேசட்டில் உள்ள புரோகிராமைக் கம்ப்யூட்டர் நேரடியாக இயக்கிவிடலாமே என்று தோன்றும். முடியாது. அந்த பிராசசர் பேசும் மொழி வேறு; உங்கள் கம்ப்யூட்டரில் உள்ள இன்டெல் அல்லது ஏ.எம்.டி. பிராசசர் பேசும் மொழி வேறு.

அந்தக் காலத்தில் மதராஸ் கோட்டையில் வெள்ளைக்காரத் துரைகளுக்கும் உள்ளூர் வியாபாரிகளுக்கும் நடுவில் துபாஷிகள் நின்றார்கள் அல்லவா? எமுலேட்டர் செய்வதும் அந்த வேலைதான். கேம் சொல்லும் ஒவ்வொரு கட்டளையையும் படித்து, உங்கள் கம்ப்யூட்டருக்குப் புரியும்படி மாற்றிச் சொல்கிறது. அத்துடன் நிற்காமல், பழைய மெஷினின் படச் சிப், ஒலிச் சிப் ஆகியவற்றைப் போலவும் நடிக்கிறது. எந்தக் கட்டளை எத்தனை துடிப்பில் முடிய வேண்டும் என்ற நேரக் கணக்கையும் அது காப்பாற்ற வேண்டும். இந்த நேரக் கணக்கை நினைவில் வைத்துக் கொள்ளுங்கள். பின்னால் இதை வைத்துத்தான் ஒரு முக்கியமான செட்டிங் வரப் போகிறது.

ஃபேமிகாமுக்குப் பல எமுலேட்டர்கள் உள்ளன. புதியவர்களுக்கு நான் சொல்வது எஃப்.சி.ஈ.யு.எக்ஸ். என்ற புரோகிராம். இலவசம், இதன் மூல நிரலும் திறந்தே வைக்கப்பட்டுள்ளது. மெசென் என்ற இன்னொன்று பழைய மெஷினை இன்னும் துல்லியமாகப் பின்பற்றும்; ஆனால் கொஞ்சம் புதிய கம்ப்யூட்டரை எதிர்பார்க்கும். எதுவானாலும் அந்தப் புரோகிராமின் சொந்தத் தளத்திலிருந்தே டவுன்லோட் செய்திடவும். தேடுதலில் முதலில் வந்து நிற்கும் "இலவச டவுன்லோட்" தளங்கள் வேண்டாம். அங்கு ஒரே பக்கத்தில் நான்கு பச்சைப் பட்டன்கள் இருக்கும். அவற்றில் மூன்று விளம்பரம்.

டவுன்லோட் ஆவது ஒரு ஸிப் பைல். அதன் மேல் ரைட் கிளிக் செய்து "எக்ஸ்ட்ராக்ட் ஆல்" தேர்ந்தெடுத்து, தனியாக ஒரு போல்டரில் விரித்துக் கொள்ளுங்கள். ஸிப்புக்குள்ளேயே வைத்து இயக்கினால் நீங்கள் செய்யும் செட்டிங்குகள் தங்காது. இதற்கு இன்ஸ்டால் செய்திடும் வேலை கிடையாது. போல்டருக்குள் எமுலேட்டரின் பெயருள்ள புரோகிராம் பைலை டபுள் கிளிக் செய்தால் கறுப்புத் திரையுடன் ஒரு விண்டோ திறக்கும். பயப்பட வேண்டாம். கேசட் போடாத டிவியும் இப்படித்தானே இருந்தது?

அடுத்து கீ போர்டைப் பழக்க வேண்டும். மேலே உள்ள மெனுவில் கான்ஃபிக் சென்று இன்புட் என்பதைக் கிளிக் செய்திடவும். போர்ட் 1 என்ற இடத்தில் கேம்பேட் என்று இருக்கும். பக்கத்தில் உள்ள கான்ஃபிகர் பட்டனை அழுத்தினால் கேம்பேடின் பட்டன்கள் வரிசையாகக் கிடைக்கும். ஒவ்வொன்றையும் கிளிக் செய்து, உங்களுக்கு வேண்டிய கீயை அழுத்துங்கள். ஒரு முறை அழுத்தி ஏற்காவிட்டால் அதே கீயை மறுமுறை அழுத்திப் பாருங்கள். நடக்க அம்புக்குறி கீகளும், குதிக்கவும் சுடவும் இடது கைக்கு அருகே இரண்டு எழுத்துகளும் வைத்துக் கொள்வது வசதி.

இதில் ஒரு சிக்கல் உண்டு. விலை குறைந்த கீ போர்டுகளில் மூன்று கீகளை ஒன்றாக அழுத்தினால் மூன்றாவதை அது கண்டு கொள்ளாமல் போகலாம். ஓடிக் கொண்டே குதித்துச் சுட வேண்டிய கேமில் இது உயிர் போகும் விஷயம். கீகளை மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். சரியாகாவிட்டால் யு.எஸ்.பி. கேம்பேட் ஒன்று வாங்கி விடுவது நல்லது. பூந்தமல்லி பக்கம் கிடைக்காவிட்டால் ரிச்சி தெருவில் நிச்சயம் கிடைக்கும். பரணில் கிடக்கும் பழைய டிவி கேமின் கேம்பேடை எடுத்துக் கொண்டு போகாதீர்கள். அதன் முனை யு.எஸ்.பி.யில் சேராது.

இனி அந்த நேரக் கணக்குக்கு வருவோம். பக்கத்துத் தெரு நண்பர் ஒருவர் தானாகவே எமுலேட்டரைப் போட்டு, கேமையும் ஓட விட்டுவிட்டு எனக்குப் போன் செய்தார். "அண்ணா, எல்லாம் வருது. ஆனா இது நம்ம கேம் மாதிரி இல்லையே. பாட்டு அவசரமா ஓடுது, குதிக்கிறதுக்குள்ள போயிடுது." வயதாகிவிட்டதால் கை தளர்ந்துவிட்டது என்று அவர் வீட்டில் கேலி செய்திருக்கிறார்கள். அவர் சொன்னது முழுக்க உண்மை.

ஜப்பானிலும் அமெரிக்காவிலும் பழைய டிவிகள் நொடிக்கு ஏறத்தாழ 60 முறை படத்தை வரைந்தன. இந்தியாவில் பின்பற்றப்பட்ட பால் முறையில் நொடிக்கு 50 முறை. அந்த மெஷினில் பெரும்பாலான கேம்கள் படம் ஒரு முறை வரையப்படும்போது ஓர் அடி முன்னேறும்படி எழுதப்பட்டவை. பாட்டும் அதே கணக்கில்தான் நகரும். எனவே ஜப்பானில் 5 நொடியில் முடியும் ஓட்டம் நம் ஊர் டிவியில் 6 நொடி எடுத்துக் கொண்டது. நாம் அந்த நிதானத்தில் ஆடிப் பழகியவர்கள். எமுலேட்டரோ, தனியாக எதுவும் சொல்லாவிட்டால் ஜப்பானிய, அமெரிக்க வேகத்தில் ஓட்டுகிறது.

இதை மாற்ற, கேமைத் திறந்த பிறகு கான்ஃபிக் மெனுவில் ரீஜன் என்பதைத் தேர்ந்தெடுங்கள். அதில் என்.டி.எஸ்.சி., பால், டென்டி என மூன்று இருக்கும். நம் ஊரில் இருந்தது பால் டிவிதானே என்று பால் மேல் கை வைக்கத் தோன்றும். அங்கேதான் கவனம் வேண்டும். அது ஐரோப்பாவில் நின்டெண்டோவே விற்ற மெஷினின் கணக்கு. அதில் பிராசசரின் வேகமும் 1.66 மெகாஹெர்ட்ஸாகக் குறைக்கப்பட்டதால் பாட்டின் சுருதியே இறங்கிக் கேட்கும். டென்டி என்பது 1992 முதல் ரஷ்யாவில் விற்கப்பட்ட நகல் மெஷினின் பெயர். 50 முறை வரையும் டிவிக்காகச் செய்யப்பட்ட நகல்களில் பிராசசர் 1.77 மெகாஹெர்ட்ஸில், கிட்டத்தட்ட ஜப்பானிய மெஷினின் வேகத்திலேயே ஓடியது. அதனால் பாட்டின் சுருதி அப்படியே இருக்கும். நடை மட்டும் நிதானமாகும். நம் ஊர் நகல்களும் பெரும்பாலும் இதே சாதிதான். ஆகவே நீங்கள் தேர்ந்தெடுக்க வேண்டியது டென்டி. நண்பர் அதைக் கிளிக் செய்தவுடன், "ஆங், இதுதான்!" என்றார். நாற்பது கிலோபைட் கேமுக்கு இவ்வளவு ஆராய்ச்சியா என்று கேட்காதீர்கள். எந்த மெஷினைப் போல நடிக்க வேண்டும் என்று சொல்லாவிட்டால், எமுலேட்டர் யாரோ ஒருவருடைய சிறுவயதைத்தான் உங்களுக்குக் காட்டும்.

அந்தக் கேம் பைலை அவர் எங்கிருந்து எடுத்தார் என்று நான் கேட்கவில்லை. ஆனால் உங்களிடம் அதைப் பற்றிப் பேசாமல் இருக்க முடியாது.

கேசட்டின் சிப்பில் உள்ளதைப் பைலாக எடுத்தால் அதன் பெயர் ரோம். எமுலேட்டர் புரோகிராம் வைத்திருப்பது தவறு அல்ல. இணையத்தில் கொட்டிக் கிடக்கும் ரோம் பைல்கள் வேறு விஷயம். "1985ல் வந்த கேம்தானே, யார் கேட்கப் போகிறார்கள்?" என்பார்கள். நம் நாட்டுச் சட்டத்தில் இத்தகைய படைப்புகளின் பதிப்புரிமை 60 ஆண்டுகளுக்குக் குறையாமல் நீடிக்கிறது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் 52ஆவது பிரிவில், ஒரு கம்ப்யூட்டர் புரோகிராமை முறையாக வைத்திருப்பவர் பாதுகாப்புக்காகப் பிரதி எடுத்துக் கொள்ள இடம் தருகிறது. ஆனால் 9999 இன் 1 கேசட்டே அனுமதியின்றிச் செய்த நகல் என்னும்போது, அதைக் காட்டி இந்தச் சலுகையைக் கேட்பது கஷ்டம். நின்டெண்டோ இந்த விஷயத்தில் விட்டுக் கொடுப்பதில்லை. அதன் ஸ்விட்ச் மெஷினுக்கு யூசு என்ற எமுலேட்டரை உருவாக்கியவர்கள் 2024 மார்ச்சில் 24 லட்சம் டாலர் தர ஒப்புக் கொண்டு கடையைக் கட்டினார்கள்.

சட்டத்தை விடப் பக்கத்தில் நிற்கும் ஆபத்து வைரஸ். விண்டோஸ் வழக்கமாகப் பைல் பெயரின் கடைசித் துணைப் பெயரை மறைத்து வைக்கும். அதனால், கேம் பைல் போலப் பெயர் வைத்து, கடைசியில் எக்ஸி என்று முடியும் புரோகிராம் உங்கள் கண்ணுக்குக் கேம் போலவே தெரியும். டபுள் கிளிக் செய்தால் கதை முடிந்தது. பேங்க் பாஸ்வேர்டு வரை திருடும் புரோகிராம்கள் இப்படி வந்து இறங்குகின்றன. எனவே கேம் தேடும் முன்பே பைல் எக்ஸ்புளோரரைத் திறந்து, வியூ பகுதியில் "ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ்" என்பதில் டிக் செய்து வையுங்கள். ஃபேமிகாம் கேமின் துணைப் பெயர் என்.இ.எஸ். என்ற மூன்று எழுத்துகள் மட்டுமே. அளவையும் பாருங்கள். சூப்பர் மரியோ பிரதர்ஸ் முழுக் கேமும் 40 கிலோபைட்தான். நின்டெண்டோ அனுமதியுடன் ஃபேமிகாமுக்கு வந்த மிகப் பெரிய கேசட்டே 1 மெகாபைட். 30 மெகாபைட்டில் ஒரு மரியோ வந்தால் அதற்குள் இருப்பது மரியோ அல்ல.

அப்படியானால் எதைத்தான் ஆடுவது? இந்தப் பழைய மெஷினுக்கு இன்றும் புதிய கேம் எழுதுபவர்கள் இருக்கிறார்கள். நோவா த ஸ்குரில் ஓர் அணில் ஓடிக் குதிக்கும் கேம். மரியோ பிடித்தவர்களுக்கு இதுவும் பிடிக்கும். த்வெய்ட் என்பதில் வானத்திலிருந்து விழும் ஏவுகணைகளிலிருந்து ஊரைக் காக்க வேண்டும். இரண்டையும் எழுதியவர்களே இலவசமாகத் தருகிறார்கள். 2019ல் வந்த மைக்ரோ மேஜஸ் காசு கொடுத்து வாங்க வேண்டியது. 40 கிலோபைட்டுக்குள் நான்கு பேர் சேர்ந்து ஆடும்படி செய்திருக்கிறார்கள். என்னைக் கேட்டால் கொடுக்கும் காசுக்கு மேல் தருகிறது. கான்ட்ராவேதான் வேண்டும் என்பவர்களுக்கு, கொனாமி நிறுவனம் 2019ல் கான்ட்ரா ஆனிவர்சரி கலெக்ஷன் என்ற தொகுப்பைக் கம்ப்யூட்டருக்கே வெளியிட்டது. அதற்கு எமுலேட்டர் தேடி அலைய வேண்டியதில்லை. மரியோவுக்கு மட்டும் இப்படி வழி இல்லை. நின்டெண்டோ அதை விண்டோஸ் கம்ப்யூட்டருக்கு விற்பதில்லை.

ரோம் பைல் கையில் வந்தவுடன் ஃபைல் மெனுவில் ஓபன் ரோம் கொடுத்து அதைத் தேர்ந்தெடுக்க வேண்டியதுதான். திரை சிறியதாகத் தெரிந்தால் கான்ஃபிக் மெனுவின் வீடியோ பகுதியில் பெரிதாக்கலாம். ஒரே வரிசையில் எதிரிகள் அதிகம் வந்தால் உருவங்கள் மினுக்கும். இது உங்கள் கம்ப்யூட்டரின் கோளாறு அல்ல. பழைய மெஷினால் ஒரு கிடைக் கோட்டில் எட்டு நகரும் உருவத் துண்டுகளுக்கு மேல் வரைய முடியாது. வேண்டாம் என்றால் அதே வீடியோ பகுதியில் இந்த வரம்பை நீக்கும் வசதி உள்ளது. நான் நீக்குவதில்லை.

கேசட் காலத்தில் இல்லாத ஒரு வசதி சேவ் ஸ்டேட். மரியோவில் எட்டாவது உலகம் வரை போய் கரன்ட் போனால் மறுபடி முதலிலிருந்துதான்; அந்த வயிற்றெரிச்சல் தெரிந்தவர்களுக்கு இதன் அருமை தெரியும். ஃபைல் மெனுவில் சேவ் ஸ்டேட் கொடுத்தால் அந்த நொடியில் கேம் இருந்த நிலை அப்படியே ஹார்ட் டிஸ்க்கில் பதிவாகும். லோட் ஸ்டேட் கொடுத்தால் அங்கிருந்தே தொடரலாம். இது தானாக நடக்காது, யு.பி.எஸ். இல்லாதவர்கள் அவ்வப்போது நீங்களே செய்து கொள்ள வேண்டும்.

வாத்து சுடும் கேமின் துப்பாக்கியைப் பற்றியும் பலர் கேட்கிறார்கள். பழைய பிக்சர் ட்யூப் டிவி கோடு கோடாகப் படம் வரையும் நேரத்தை வைத்தே அது வேலை செய்தது. எல்.சி.டி. திரையில் அந்தத் துப்பாக்கி பயன்படாது. எமுலேட்டரில் இன்புட் பகுதிக்குச் சென்று, போர்ட் 2ல் ஸாப்பர் என்பதைத் தேர்ந்தெடுத்தால் மவுஸே துப்பாக்கியாகிவிடும். குறி வைத்துக் கிளிக் செய்தால் போதும்.