அப்பீல் வியாஜ்யங்களில் தாமதமும் நோட்டீஸ் சார்பு செய்தலும்

புதுச்சேரியிலிருந்து கடலூர் செல்லும் சாலையிலுள்ள தவளக்குப்பத்தில், தகப்பனார் விட்டுச்சென்ற நன்செய் நிலத்தைக் குறித்து ஒரு குடும்பத்தில் பாக வியாஜ்யம் நேர்ந்ததென வைத்துக்கொள்வோம். மூத்தவருக்கு அனுகூலமாய் டிக்ரியாகிறது. இளையவர் அப்பீல் செய்கிறார். எதிர்க்கட்சியார் மூவர்: ஊரிலிருக்கும் தமையனார், சென்னைக்குக் குடிபோன சகோதரி, பிரான்சு தேசத்தில் வசிக்கும் நடுச்சகோதரர். மூவருக்கும் நோட்டீஸ் சேருமுன் வருஷங்கள் கழிந்துவிடக்கூடும். அதுகாறும் நிலத்தை விற்கவோ, ஈடு காட்டிக் கூட்டுறவுச் சங்கத்தில் கடன் பெறவோ எளிதில் இயலாது.

கோர்ட்டுகளில் வேலை மிகுந்திருப்பதே தாமதத்துக்குக் காரணமென ஜனங்கள் எண்ணுகின்றனர். அது மெய்யே, ஆயினும் முழுக் காரணமன்று. நோட்டீஸ் சேராமையால் போடப்படும் வாயிதாக்களும் பல. இவற்றைக் குறைப்பது பெரும்பாலும் கட்சிக்காரர் கையிலேயே இருக்கிறது.

ஒருவருக்கு அறிவிக்காமல் அவருக்கு விரோதமாய்த் தீர்ப்புச் சொல்லலாகாது என்பது எத்தேசத்து நீதிக்கும் பொதுவான முறை. புதுவையில் பிரெஞ்சு ஆட்சி நடந்தபோது இவ்வேலையை ‘உய்சியே’ என்னும் உத்தியோகஸ்தர் செய்துவந்தார். 1806ஆம் வருஷத்துப் பிரெஞ்சு நடைமுறைச் சட்டமானது, வீட்டில் கட்சிக்காரரோ, உறவினரோ, வேலைக்காரரோ இல்லாவிடில் அண்டை வீட்டாரிடமும், அவர் கையொப்பமிடாவிடில் ஊர் மேரிடமும் நகலைக் கொடுக்கும்படி விதித்திருந்தது. அக்காலத்தில் அப்பீல் கோர்ட்டும் புதுவையிலேயே இருந்தது. 1962-ல் சென்னை ஹைகோர்ட்டின் அதிகாரம் புதுவைக்கும் உரியதாயிற்று. 1908ஆம் வருஷத்துச் சிவில் நடைமுறைச் சட்டம் 1968-ல் இங்கு அமலுக்கு வந்தது. ஆகவே இரண்டாம் அப்பீல் செய்வோர் இப்போது சென்னைக்கே செல்லவேண்டும்.

இச்சட்டப்படி அப்பீல் நோட்டீஸும் சம்மனைப் போலவே சார்பு செய்யப்படும். கோர்ட்டு அமீனா நேரில் கொடுக்கலாம். பதிவுத் தபாலிலும் அனுப்பலாம். கட்சிக்காரர் வெளியே சென்று விரைவில் திரும்பாதிருப்பின், உடன் வசிக்கும் வயதுவந்த குடும்பத்தாரிடம், ஆணாயினும் பெண்ணாயினும், கொடுக்கலாம். வேலைக்காரரிடம் கொடுத்தல் செல்லாது. இவை பலிக்காவிடில் கதவில் ஒட்டுதல், கோர்ட்டு உத்தரவின்மேல் பத்திரிகையில் விளம்பரம் செய்தல் முதலிய முறைகள் உண்டு.

அமீனா வருகிறாரெனக் கேட்டதும் கொல்லைப்புறமாய்ப் போய்விடுவது சிலருக்கு வழக்கம். இதனால் யாதொரு லாபமும் இல்லை. தபாலை வாங்க மறுத்ததாகக் குறிப்பு எழுதப்பட்டால் நோட்டீஸ் சேர்ந்ததாகவே கோர்ட்டார் கொள்ளலாம். பிறகு அப்பீல் ஒருதலையாய்க் கேட்கப்படும். ஒளிந்தவர் தம் நியாயத்தைச் சொல்லும் சந்தர்ப்பத்தை இழப்பார். நோட்டீஸ் மெய்யாகவே சேராதவரோ, தீர்ப்பை அறிந்த நாள் முதல் 30 நாளைக்குள் மறுவிசாரணை கோரலாம்.

அப்பீல் செய்பவரின் கடமையும் சிறிதன்று. பத்தாப் பணத்தைக் கெடுவுக்குள் கட்டவேண்டும். எதிர்க்கட்சியாரின் தற்போதைய விலாசத்தை வீட்டு இலக்கம், தெரு, தபாலாபீசு சகிதம் விசாரித்துக் கொடுக்கவேண்டும். வியாஜ்யத்தில் பதிவு செய்த விலாசம் அப்பீலுக்கும் செல்லுமாதலால், வீடு மாறியவர் மனுச் செய்து அதை மாற்றிக்கொள்ளவேண்டும்.

வெளிநாட்டில் வசிப்போர் விஷயத்தில் தாமதம் அதிகம். பிரெஞ்சுப் பிரஜைகளான குடும்பங்கள் புதுவையில் பல உண்டாகையால் இது இங்கு அடிக்கடி நேரக்கூடியது. வெளிநாட்டிற்கு நோட்டீஸ் சார்பு செய்வதற்கான 1965ஆம் வருஷத்து ஹேக் உடன்படிக்கையில் பிரான்சும் இந்தியாவும் சேர்ந்துள்ளன. இந்தியாவுக்கு அது 2007 முதல் அமலிலுள்ளது. அதன்படி தஸ்தாவேஜுகள் அந்நாட்டின் மத்திய அதிகாரியிடம் செல்லவேண்டும், மொழிபெயர்ப்பும் தேவைப்படலாம். ஆதலால் இவ்வேலையை அப்பீல் தாக்கலானவுடனேயே தொடங்குதல் நலம்.

எல்லாவற்றிலும் அபாயமானது மரணத்தை அறிவியாது விடுதல். எதிர்க்கட்சியாரில் ஒருவர் இறந்தால், 90 நாளைக்குள் அவருடைய வாரிசுகளைச் சேர்க்க மனுச் செய்யவேண்டும். தவறினால் அவரைப் பொறுத்தமட்டில் அப்பீல் அற்றுப்போகும். பாக வியாஜ்யத்திலோ முழு அப்பீலும் போய்விடக்கூடும். அதனை நிவர்த்திக்க மேலும் 60 நாள் மட்டுமே உண்டு. அதன் பின் தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டவேண்டும். தமையனாருடன் பேச்சுவார்த்தை நின்றுபோன இளையவருக்கு, சாவுச் செய்தியும் காலந்தாழ்ந்தே எட்டும். ஆகையால் ஊரில் ஒரு சாவு நேர்ந்தவுடன், பகையை ஒருபுறம் வைத்து, அச்செய்தியை வக்கீலுக்கு அன்றே எழுதிவிடவேண்டும்.