நலங்கு மாவு

வட இந்தியத் திருமணங்களில் மணமக்களுக்குப் பூசும் மஞ்சள் குழைவை 'உப்டன்' என்பர். தமிழ்நாட்டில் அதன் உறவுப் பொருளே நலங்கு மாவு. மணமக்களுக்குச் செய்யும் நலங்குச் சடங்கில் இது பயன்படுவதால் இப்பெயர் பெற்றது. எண்ணெய்க் குளியலன்றும் பலர் இதனைத் தேய்த்துக் குளிப்பர்.

மஞ்சள் இம்மாவின் சிறுபகுதியே, பெரும்பகுதி பயறாகும். பயற்று மாவு தோலிலுள்ள எண்ணெயையும் அழுக்கையும் ஈர்த்து நீக்கும். பாசிப்பயறு 250 கிராம், கடலைப்பருப்பு 100 கிராம், கஸ்தூரி மஞ்சள் 25 கிராம் எடுத்து, மணத்திற்கு வெட்டிவேரும் ரோஜா இதழ்களும் ஒவ்வொரு கைப்பிடி சேர்த்தல் வேண்டும். பயறு, பருப்பு, கிழங்கு ஆகியவற்றை வெயிலிலும் இதழ்களை நிழலிலும் ஈரமின்றி உலர்த்துவர். மஞ்சள் கிழங்கு கல்லைப்போல் கடினமானது. உரலில் இடித்து உடைத்த பின்னரே மிக்சியில் இடுதல் நன்று. அரைத்ததை மெல்லிய துணியில் சலிக்க வேண்டும். வெட்டிவேரின் நார் எஞ்சினால் முகத்தைக் கீறிவிடும்.

சமையலுக்குரிய விரலி மஞ்சளில் குர்குமின் என்னும் நிறப்பொருள் மிகுதி. ஆதலால் தோலில் மஞ்சள் நிறம் தங்கிவிடும். கஸ்தூரி மஞ்சளில் அது குறைவு, மணமோ மிகுதி. கடையில் விற்கும் மஞ்சள் தூளில் சில வேளைகளில் ஈயக் குரோமேட்டு என்னும் நச்சுச் சாயம் கலக்கப்படுவதுண்டு. ஆகவே முழுக்கிழங்கை வாங்கி, கழுவி உலர்த்தி அரைப்பதே பாதுகாப்பானது.

முதன்முறை பூசுவோர் முழங்கையின் உட்புறத்தில் சிறிது தடவி, ஒரு நாள் பொறுத்துப் பார்த்தல் வேண்டும். அரிப்போ தடிப்போ தோன்றினால் அம்மாவு அவருக்கு ஆகாது. தோன்றாவிடில், இரண்டு தேக்கரண்டி மாவை நீரிலோ தயிரிலோ குழைத்து, ஈரமான தோலில் மென்மையாகத் தேய்த்து, காயுமுன் கழுவிவிடலாம். கண்ணிலும் புண்ணிலும் படலாகாது. மஞ்சள் பூசினால் கருநிறம் வெளுக்கும் என்பது வீண் பேச்சு. தோலின் நிறம் மெலனின் என்னும் நிறமியால் அமைவது. அதனை மாற்றுவது மஞ்சளின் வேலையன்று, மாற்ற வேண்டிய தேவையும் இல்லை.

துடைத்த துண்டில் மஞ்சள் கறை படிவதுண்டு. அதன்மேல் சோப்புப் பட்டதும் கறை சிவக்கும். காரத்தன்மையுடைய பொருளோடு சேர்ந்தால் குர்குமின் சிவப்பாக மாறும். மஞ்சளும் சுண்ணாம்பும் கலந்த ஆரத்தி நீர் சிவப்பாக இருப்பதும் இதனாலேயே. சிவந்த துண்டைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை. நன்கு அலசி வெயிலில் உலர்த்தினால் கறை மெல்ல மங்கிவிடும்.