தொட்டியில் வாழும் முதுமரம்

ஜப்பான் தேசத்தார் போன்சாய் என வழங்கும் குறுமர வளர்ப்பைக் கேள்வியுற்ற விவசாயிகள் சிலர், மரத்தைப் பட்டினியிட்டே அவ்வாறு குறுக்குகின்றனர் என எண்ணுகின்றனர். அது தவறு. அம்மரங்கள் தனி ஜாதியுமல்ல. அவற்றின் விதையை நிலத்தில் ஊன்றினால் மற்ற மரங்களைப் போலவே ஓங்கி வளரும். வேருக்கும் கிளைக்கும் உள்ள சமநிலையைக் கவாத்தினால் காப்பதே இத்தொழிலின் இரகசியம்.

முதலில் ஆணிவேரைக் குறைத்துச் சல்லிவேர்களைப் பெருக்குவர். இளமரத்தை இரண்டு மூன்று ஆண்டுகளுக்கொரு முறையும், முதிர்ந்த பைன் மரத்தை ஐந்தாண்டுகளோ அதற்கு மேலோ கழித்தும் தொட்டியினின்று எடுத்து, சுற்றிக்கொண்ட வேர்களைக் கத்தரித்துப் புதுமண்ணில் வைப்பர். மண் ஈரத்தைத் தாங்க வேண்டும்; நீரைத் தேக்கலாகாது. இதற்கென அகடாமா என்னும் எரிமலை வழிவந்த களிமண் குருணையைச் சலித்து உபயோகிக்கின்றனர். கொழுந்தைக் காலத்தில் கிள்ளுவர். கிளையைக் கம்பி சுற்றி வளைத்து, கம்பி பட்டையில் பதியுமுன் கழற்றிவிடுவர். உரமும் அளவாக இடுவர். கோடையில் நாள்தோறும் நீர் வேண்டும். ஒரு நாள் அயர்ந்தால் நூறாண்டு உழைப்பு வாடிப்போகலாம்.

இதற்கு ஹிரோஷிமாவின் ஒரு வெண்பைன் மரமே சான்று. 1625 முதல் தொட்டியில் பேணப்பட்டு வந்த அம்மரம், 1945 ஆகஸ்டு 6-ஆம் தேதி அணுகுண்டு விழுந்தபோது, சுமார் 3 கிலோமீட்டர் தூரத்தில் யாமாகி குடும்பத்தாரின் தோட்டத்தில், ஒரு சுவரின் மறைவில் நின்று பிழைத்தது. 1976-இல் மசாரு யாமாகி அதனை அமெரிக்க தேசத்துக்கே அன்பளிப்பாக ஈந்தார். அது இன்று வாஷிங்டன் நகரத் தாவரப் பூங்காவில் உள்ளது. அது குண்டுக்குத் தப்பிய மரம் என்பதை, 2001-இல் அவருடைய பேரர் இருவர் சென்று கூறிய பின்னரே அங்குள்ளோர் அறிந்தனர்.

போன்சாய் ஒருபொழுதும் முற்றுப்பெறுவதில்லை. அதனை வளர்ப்பவன் உடையவனல்லன்; முன்னோரிடம் பெற்றுப் பின்னோரிடம் ஒப்புவிக்கும் காவலனே. நிலமுடைய நமக்கும் இது பொருந்துமன்றோ?

கைக்கொள்ளத்தக்க பாடமும் ஒன்றுண்டு. நட்ட சில ஆண்டுகளில் பட்டுப்போன மாங்கன்றுகளைத் தோண்டிப் பார்க்கையில், பையில் சுருண்ட வேர் அப்படியே சுருண்டிருக்கக் கண்டிருக்கிறேன். ஆகவே, நெடுநாள் பையில் நின்ற கன்றை நடுமுன் பையைக் கிழித்தெறிந்து, சுருண்ட வேரைப் பிரித்தோ கத்தரித்தோ நடுக. கிராம அதிகாரிகளும் பொது இடங்களில் கன்று நடுவிக்கும்போது இதனைக் கவனிப்பாராக. வேரில் இன்று வைக்கும் கத்தி, மரத்துக்கு நாளை ஆயுள்.