வழக்கு முடியுமட்டும் வாழ்வதெப்படி?

நுவரெலியா, ஹற்றன் பகுதித் தோட்டங்களிற் கணவனும் மனைவியும் பிரிந்தால், முதலில் எழும் வினா ‘யார்மேற் குற்றம்?’ என்பது. இரண்டு பக்கத்து உறவினரும் இதனையே பேசி நாட்களைக் கழிப்பர். ஆனால் லயத்து அறையிற் பிள்ளைகளோடு தனித்திருப்பவளுக்கு உடனே வேண்டுவது அரிசியும், பள்ளிக் கொப்பியும், மருந்துமாம். விவாகரத்து வழக்கு ஆண்டுக்கணக்கில் நீளக்கூடும். அதுவரை அக்குடும்பம் உண்பது எதனை? இவ்வினாவுக்குச் சட்டம் விடை கூறியிருக்கின்றது. அதனை நம்மவர் பலர் அறியாதிருப்பதாலேயே இக்கட்டுரை எழுதலாயிற்று.

முதலில் ஒரு மயக்கத்தைத் தெளிதல் வேண்டும். இந்தியாவில் 1955 ஆம் ஆண்டின் இந்து விவாகச் சட்டம், வழக்கு நடக்குங்காலத்து உதவிப் பணத்தைக் கணவன் மனைவி இருவருள் வறியவர் எவரும் கேட்க இடமளிக்கின்றது. நாம் இந்துக்களாயினும் அச்சட்டம் இங்கு செல்லாது. மலையகத் தமிழர் விவாகரத்துக்கும் தாபரிப்புக்கும் இலங்கையின் பொதுச் சட்டத்திற்கே உட்பட்டவர்.

அப்பொதுச் சட்டத்தில் இரண்டு வழிகள் உள. காப்பி அழிந்து தேயிலை வேரூன்றிய காலமாகிய 1889 இல் இயற்றப்பட்ட குடியியல் நடவடிக்கைக் கோவையின் 614 ஆம் பிரிவு முதலாவது வழி. மாவட்ட நீதிமன்றத்தில் விவாகரத்து வழக்குத் தொடுத்தவர் கணவனாயினும் மனைவியாயினும், அவ்வழக்கு நடைபெறுங் காலத்துக்கென மனைவி தாபரிப்புக் கோரி மனுச் செய்யலாம். மூல வழக்கின் முடிவுக்குக் காத்திராமல், சுருக்கமான நடைமுறையில் இம்மனு விசாரிக்கப்படும்.

இரண்டாவது வழி நீதவான் நீதிமன்றம். 1889 ஆம் ஆண்டின் தாபரிப்புக் கட்டளைச் சட்டத்தை நீக்கி அதனிடத்தில் வந்த 1999 ஆம் ஆண்டின் 37 ஆம் இலக்கச் சட்டம் இதற்கு ஆதாரமாகும். இவ்வழிக்கு விவாகரத்து வழக்கே தேவையில்லை. வசதியிருந்தும் துணையையோ பிள்ளையையோ பேண மறுப்பவர்மீது மாதந்தோறும் பணஞ் செலுத்துமாறு நீதவான் கட்டளையிடலாம்; இறுதி முடிவுக்கு முன் இடைக்காலக் கட்டளையும் பிறப்பிக்கலாம். பதினெட்டு முதல் இருபத்தைந்து வயது வரையுள்ள, தம்மைத் தாமே பேண இயலாத பிள்ளைகளும் இச்சட்டத்துள் அடங்குவர். உயர்தர வகுப்பிலும் பல்கலைக்கழகத்திலும் பயிலும் நம் மாணவர் இதனைக் குறித்துக்கொள்க.

“அவளும் கொழுந்தெடுத்துச் சம்பாதிக்கிறாளே” என்பது கணவன் தரப்பிற் கேட்கும் வழக்கமான மறுமொழி. தோட்டங்களில் ஆண் பெண் கூலி சமமாக்கப்பட்டது 1984 இலேதான். அதன் முன்னர் மனைவியின் சம்பளத்தைக் கணவனே பெற்றுக்கொள்ளும் வழக்கமும் பரவலாயிருந்தது. இன்று அவள் தன் கையாற் கூலி வாங்குகின்றாளாயின் நன்றே. எனினும் மனைவியின் உரிமை வேறு. பிள்ளையின் உரிமை வேறு. தாய் உழைக்கின்றாள் என்பதால் தகப்பனின் கடமை தீர்ந்துவிடாது. பெற்றோரிடையே நேர்ந்த பிணக்கில் எவர் பிழைசெய்தாராயினும், அப்பிழை பிள்ளையின் சோற்றைப் பறிக்கக் காரணமாகாது. விவாகத்திற்குப் புறம்பே பிறந்த பிள்ளைக்கும் இவ்வுரிமை உண்டு.

கட்டளை பெற்றும் பணம் வராவிடின் என்செய்வது? கணவனது சம்பளத்திலிருந்தே அதனைக் கழித்துச் செலுத்துவிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரமுண்டு. நிலுவையான ஒவ்வொரு மாதப் பணத்துக்கும் ஒரு மாதம் வரை சிறைத்தண்டனையும் விதிக்கலாம்.

கோயிலிலே தாலி கட்டி, பதிவாளரிடஞ் செல்லாது வாழ்ந்த குடும்பங்கள் தோட்டங்களிற் பல. பதிவுச் சான்று இல்லையென்று அப்பெண்கள் துணிவிழத்தல் வேண்டா. முறைப்படி நிகழ்ந்த சடங்கையும், ஊரார் அறியக் கணவன் மனைவியாய் வாழ்ந்தமையையும் நம் நாட்டு நீதிமன்றங்கள் விவாகத்துக்குச் சான்றாக ஏற்றுள்ளன. ஆயினும் அதனை நிரூபிக்கும் பாரம் அவளதே. பூசகர், அயல் லயத்தார், பிள்ளையின் பிறப்புச் சான்று, கணவனின் சம்பளச் சீட்டு, செக்ரோல் விவரம் ஆகியவற்றை முன்கூட்டியே தேடிவைத்தல் நன்று. சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பொருளில்லாதோர் 1978 ஆம் ஆண்டின் சட்டத்தால் அமைந்த சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

நம் பழைய மாணவருள் ஆசிரியரும், தோட்டத்து எழுதுவினைஞரும், கிராம உத்தியோகத்தரும், சட்டத்தரணிகளும் உளர். துன்புற்ற ஒரு பெண் நீதிமன்றப் படியேறுமுன் இவர்களுள் ஒருவரிடமே முதலில் வருவாள். “பொறுத்திரு, வழக்கு முடியட்டும்” என்று சொல்லி அவளை அனுப்பிவிடாதீர்கள். வழக்கு முடியுமுன்னரே கேட்கத்தக்க உரிமை அவளுக்கு உண்டென்பதைச் சொல்லுங்கள்; மனுவுக்கு வேண்டிய பத்திரங்களைத் திரட்டிக் கொடுங்கள். கல்லூரி நமக்களித்த எழுத்தறிவு இவ்வாறு பயன்படுமாயின், இவ்விழாவின் மகிழ்ச்சி லயத்து அறைகளையும் எட்டும்.