காரணம் புலப்படாத இடுப்புவலி

இடுப்புவலிக்காக மருத்துவரிடம் சென்ற அன்பர், தம் சீட்டில் ‘எம் 54.5’ என்று கண்டு திகைக்கக்கூடும். உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாம் நோய்ப் பட்டியலில், தனிக் காரணம் குறிக்கப்படாத கீழ்முதுகு வலிக்குரிய எண் அது. மாநிலமும் மொழியும் மாறினும் எண் மாறாது. ஆதலின் ஊர் பெயர்வோர் அச்சீட்டைப் பேணுதல் நலம்.

காரணம் குறிக்கப்படவில்லை என்பதால் வலி பொய்யாகிவிடாது. எலும்பு முறிவு, புற்று, முதுகெலும்புக் காசநோய் முதலியவற்றின் அறிகுறி தென்படவில்லை என்பதே அதன் பொருள். பத்தில் ஒன்பது பேருக்கு வரும் வலி இவ்வகையினதே. பின்னர் இடைவட்டு விலகலே காரணம் எனத் தெளிந்தால், எண்ணும் எம் 51 என மாறும்.

அபாயக் குறி இல்லாதபோது உடனே படம் எடுக்க வேண்டுவதில்லை. படுத்தே கிடத்தலும் ஆகாது. இயன்றவரை நடமாடுதல், வெந்நீர் ஒத்தடம், உடற்பயிற்சி ஆகியவையே முதல் மருந்து. பெரும்பாலோர்க்குச் சில வாரங்களில் வலி தணியும்.

ஆயினும், காய்ச்சல், காரணமற்ற உடல் மெலிவு, விழுந்தபின் தோன்றிய கடும் வலி ஆகியவை இருப்பின் மருத்துவரிடம் தவறாது கூறுக. கால் வலுவிழந்தாலோ, தொடையிடுக்கு மரத்தாலோ, சிறுநீர் அடைபட்டாலோ, கட்டுக்கடங்காது ஒழுகினாலோ ஒரு நாளும் தாழ்த்தலாகாது. அக்கணமே மருத்துவமனையை நாடுக.